ஜெபக் குறிப்பில் எழுதியிருந்த இருமல்

இருமல் என்றைக்குத் தொடங்கியது என்று எனக்குத் தெரியாது. பாட்டு முடிவதற்குள் மூச்சு முடிந்துபோன ஞாயிறு மட்டும் நன்றாக நினைவிருக்கிறது.

நான் எங்கள் தோட்டத்து ஜெபவீட்டில் பாடுகிறவள். தலவாக்கலைக்கும் கொட்டகலைக்கும் நடுவில், மெயின் ரோட்டிலிருந்து மேலே ஏறும் தோட்டம். எனக்கு இருபத்திரண்டு வயது. உயர்தரம் முடித்துவிட்டு கொட்டகலையில் கம்ப்யூட்டர் வகுப்புக்குப் போய்க்கொண்டிருந்தேன். அன்று பல்லவியை இரண்டாம் முறை எடுத்தபோது நெஞ்சுக்குள் காற்றே இல்லை. கண்ணை மூடிக்கொண்டு நின்றேன். பரவசத்தில் நிற்கிறேன் என்று நினைத்து எல்லோரும் இன்னும் பலமாகக் கை தட்டினார்கள்.

மலையில் இருமல் ஒரு செய்தியே அல்ல. பனி, ஈர விறகுப் புகை, வருடத்தில் பாதி நாள் மழை. லயத்தில் (தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகள்) ஒரு வீட்டில் இருமினால் அடுத்த நாலு வீட்டுக்குக் கேட்கும்; யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. இதை வாசிக்கிற உங்களில் யாருக்காவது இருமல் இரண்டு வாரத்தைத் தாண்டியிருந்தால், இதை இங்கேயே வைத்துவிட்டு சளிப் பரிசோதனைக்குப் போய் வாருங்கள். மிச்சத்தைப் பிறகு வாசிக்கலாம்.

என்னை இழுத்துக்கொண்டு போனது அம்மா. அம்மா கொழுந்து பறிக்கிறவர், மாரியம்மனை விடாதவர். நான் ஜெபவீட்டில் சேர்ந்த நாளிலிருந்து எங்களுக்குள் தினமும் ஒரு சின்னச் சண்டை.

"உடுப்பெல்லாம் வேர்வையில நனைஞ்சு கெடக்குது. கன்னம் உள்ள போயிருச்சு. ஒங்க பாஸ்டரு வந்து சளிய தொடச்சு விடுவாருன்னு பாத்துக்கிட்டு இருக்கியா?"

"அம்மா, வாய கழுவுங்க."

"நான் கழுவிக்கிறேன். நீ மொதல்ல ஆஸ்பத்திரிக்கு நட."

இரண்டு சிறிய டப்பாக்களில் சளி கொடுத்தேன். காசநோய் என்று வந்தது. மார்பு நோய் கிளினிக்கில் இருந்தவர் ஒரு சிங்கள டொக்டர் அம்மா. தமிழை எண்ணி எண்ணிப் பேசுவார். அதனாலேயோ என்னவோ அவர் சொன்ன ஒவ்வொரு சொல்லும் எனக்கு மனப்பாடம்.

"பயப்பட வேணாம். ஆறு மாசம் மருந்து. ஒரு நாளும் விட வேணாம். நல்லா இருக்குன்னு நினைச்சாலும் விட வேணாம்."

முதல் இரண்டு மாதம் நான்கு வகை மருந்து, அடுத்த நான்கு மாதம் இரண்டு வகை. நேரடிக் கண்காணிப்பு முறையில் எடுக்க வேண்டும் (மாத்திரையை விழுங்குவதைப் பொறுப்பான ஒருவர் தினமும் கண்ணால் பார்ப்பது). எங்கள் தோட்டத்தில் அந்தப் பொறுப்பு டிஸ்பென்சரி ஐயாவுக்கு. மருந்து உள்ளே போனால் சிறுநீர் செம்மஞ்சளாக வரும், அதற்குப் பயப்படக் கூடாது என்றும் சொன்னார்கள்.

கூட இருப்பவர்கள் யார் என்று கேட்டார்கள். "நானும் அம்மாவும்" என்றேன். ஜெபவீட்டைச் சொல்லவில்லை. மறைக்கவில்லை, அது எனக்குத் தோன்றவே இல்லை. நோய் குணமாகிற இடத்திலிருந்து நோய் பரவும் என்று யார் நினைப்பார்கள்?

அந்த இடத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். தகரக் கூரை போட்ட நீளமான ஒரு அறை. பாஸ்டர் எங்கள் தோட்டத்திலேயே பிறந்தவர். அவர் கை வைத்து ஜெபித்த பிறகு குடியை விட்ட ஆண்கள் எங்கள் லயத்திலேயே நாலு பேர் இருக்கிறார்கள். அது பொய்யில்லை. அவர்களுடைய மனைவிமார் முகத்தைப் பார்த்தால் தெரியும்.

இன்னொரு பக்கமும் உண்டு. பரம்பரையாகக் கோயிலுக்குப் போகிற கத்தோலிக்கர்களும், ஊரில் முன்பிருந்தே இருக்கிற மற்றச் சபைக்காரர்களும் எங்களுக்குப் பெயர்க் கிறிஸ்தவர்கள். பாடசாலையில் சரஸ்வதி பூசை நடந்தால் எங்கள் பிள்ளைகள் வெளியே நிற்க வேண்டும். அவல் கொடுத்தால் வாங்கக் கூடாது. பிரதேச சபைத் தேர்தலில் வாக்குக் கேட்கிறவர் வந்து முழங்காலில் நின்று தலையைக் குனிவார். பாஸ்டர் எண்ணெய் பூசுவார். எந்த இலக்கத்துக்குக் குத்துவது என்று அப்புறம் எங்களுக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. எனக்கு இதெல்லாம் பிடித்திருந்தது. எதைக் கேட்டாலும் உடனே ஒரு பதில் இருந்தது. அரைகுறையாக எதையும் செய்யத் தெரியாத எனக்கு அரைகுறை இல்லாத ஒரு இடம் கிடைத்தது.

எங்கள் சத்தம் மட்டும் ஊருக்குப் பிடிக்கவில்லை. மாரியம்மன் கோயில் கமிட்டி முறைப்பாடு செய்தது. கீழே சிங்களக் கிராமத்திலிருந்தும் ஒரு கடிதம் போனது. சத்தம் வெளியே வந்தால் பூட்டிவிடுவோம் என்று பொலிஸில் கூப்பிட்டுச் சொன்னார்கள். நான்தான் குதித்தேன். ஒலியை அடக்குவது எப்படி என்று போனில் நாலைந்து வீடியோ பார்த்தேன். பேக்கரியில் முட்டை அட்டைகள் கேட்டு வாங்கி, பஞ்சும் ரெக்சினும் வைத்து, ஆறு ஜன்னல்களையும் இரண்டே சனிக்கிழமைகளில் அடைத்துவிட்டோம். சத்தம் ஒரு துளி வெளியே போகவில்லை. பாஸ்டர் மேடையில் என் பெயரைச் சொல்லிப் பாராட்டினார்.

காற்றும் போகவில்லை. அதை நான் யோசிக்கவில்லை.

இரண்டு மாதத்தில் என் இருமல் நின்றது. நிறை கூடியது. சளியில் கிருமி இல்லை என்று எழுதித் தந்தார்கள். அந்த வாரம்தான் உபவாச ஜெபம். பாஸ்டர் என்னை முன்னே அழைத்தார்.

"தங்கச்சி, இப்ப இருமல் இருக்கா?"

"இல்லைங்க பாஸ்டர்."

"டொக்டர் என்ன சொன்னாங்க?"

"கிருமி இல்லைன்னு சொன்னாங்க."

"அப்ப ஒன்ன சுகமாக்குனது யாரு?"

சொன்னேன். தகரம் அதிர்கிற மாதிரி அல்லேலூயா எழுந்தது.

ஒன்றைச் சரியாகச் சொல்ல வேண்டும். மருந்தை நிறுத்து என்று பாஸ்டர் ஒருநாளும் சொல்லவில்லை. சுகமான பிறகும் மருந்து சாப்பிட்டால் அது யாருக்குச் சாட்சி என்று பொதுவாகக் கேட்டார். நிறுத்தியவள் நான். வகுப்புக்குப் போகிற பிள்ளை என்று டிஸ்பென்சரி ஐயா ஒரு வார மருந்தைச் சேர்த்துக் கையில் தர ஆரம்பித்திருந்தார். அந்தச் சிவப்பு மாத்திரைகள் அப்படியே அலுமாரிக்குள் போயின. சில நாட்களில் சிறுநீர் பழைய நிறத்துக்கு வந்தது. அதற்கும் ஸ்தோத்திரம் சொன்னேன்.

நான் சுகமானேன் என்று சொல்லும் என் சாட்சி வீடியோவைத் தயாரித்ததும் நான்தான். பின்னணி இசை சேர்த்தேன். இன்னும் நாலு மாதம் மருந்து இருக்கிறது என்று நான் நடுவில் ஒரு வரி சொல்லியிருந்தேன். அது ஓட்டத்தைக் கெடுக்கிறது என்று வெட்டிவிட்டு எல்லோருக்கும் அனுப்பினேன்.

ஐந்தாவது மாதம் இருமல் திரும்பி வந்தது. இந்த முறை அது வந்த நாள் எனக்குத் தெரியும், ஆனால் யாருக்கும் சொல்ல முடியாது. சாட்சி சொன்னவளுக்கு இருமல் வரக் கூடாது. கொத்தமல்லி அவித்துக் குடித்தேன். வாயை மூடிக்கொண்டு தொண்டைக்குள்ளேயே இருமக் கற்றுக்கொண்டேன். அப்படி இருமினால் விலா எலும்பு வலிக்கும். மைக்கை விட்டுத் தள்ளி நின்று பாடினேன். ஆறு வாரம் இப்படிப் போனது. ஒரு புதன்கிழமை பஸ்ஸில் இருமி, கைக்குட்டையை மடிக்கும்போது அதில் இரத்தம். பக்கத்து சீட்டில் இருந்த பெண் பார்த்தார். எழுந்து முன்னால் போய் நின்றுகொண்டார்.

கிளினிக்குக்கு அம்மா கூடவே வந்தார். டொக்டர் அம்மா பழைய அட்டையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "மருந்து எல்லாம் முடிச்சீங்களா?"

"ஆமாங்க."

"பொய் சொல்லுது டொக்டர்" என்றார் அம்மா. "அலுமாரியில டப்பா டப்பாவா இருக்கு. நான் இன்னைக்குக் காலையிலதான் பாத்தேன்."

டொக்டர் கோபப்படவில்லை. அதுதான் பயமாக இருந்தது. பாதியில் விட்டால் கிருமி மருந்தெதிர்ப்பு பெற்றிருக்கலாம் (வழக்கமான மருந்துக்கு அடங்காமல் போவது), அப்படியானால் வேறு மருந்து, நீண்ட காலம், காதும் சிறுநீரகமும் பாதிக்கப்படலாம் என்று மெதுவாகச் சொன்னார். பிறகு ஒரு தாளை எடுத்தார். "மூடின எடத்துல ஒங்களோட யாரு யாரு இருந்தாங்க? எல்லாம் சொல்லுங்க."

அப்போதுதான் ஆறு ஜன்னல்களும் என் கண் முன்னே வந்து நின்றன.

எதிர்ப்புப் பரிசோதனை முடிவு வரும்வரை வார்டில் மூலைக் கட்டில். முகக்கவசம் போட்டிருந்தேன். நெஞ்சுக்குள் ஒரு சின்ன அறை இருக்கிறது, அதற்குள் யாரோ குடியிருக்கிறார்கள், நான் மூச்சு விடும்போதெல்லாம் அவர்கள் வெளியே வருகிறார்கள் என்று தோன்றும். மூச்சை அடக்கிப் பார்ப்பேன். எவ்வளவு நேரம் அடக்க முடியும்?

பி.எச்.ஐ. (பொதுச் சுகாதாரப் பரிசோதகர்) ஜெபவீட்டுக்குப் போனார். போன வேகத்தில் திரும்பி வந்து எனக்கு போன் எடுத்தார். "தங்கச்சி, அங்க ஒருத்தருக்கும் இருமல் இல்லையாம். காய்ச்சல் இல்லையாம். எல்லாரும் சுகமாம். இவ்வளவு சுகமான சனத்த நான் எங்கயுமே பாத்ததில்ல."

அவர் கிண்டலாகத்தான் சொன்னார். எனக்குக் காரணம் தெரியும். பரிசோதனைக்குப் போவது என்றால் விசுவாசம் இல்லை என்று ஒத்துக்கொள்வது. அதை நானே மேடையில் நின்று சொல்லிக் கொடுத்திருக்கிறேன்.

அன்று மத்தியானம் போனில் எங்கள் ஜெபக் குழுவைத் திறந்தேன். ஒவ்வொரு ஞாயிறும் ஆட்கள் தங்கள் கஷ்டத்தைச் சின்னத் துண்டுகளில் எழுதிப் பெட்டியில் போடுவார்கள். அதற்கு ஜெபக் குறிப்பு என்று பெயர். அவற்றை வாசித்துத் தட்டச்சு செய்து குழுவில் போடுவது என் வேலை. எட்டு மாதமாக நானே தட்டிய வரிகளை மேலிருந்து கீழே வாசித்தேன்.

மூன்று வாரமாக இருமல், ஜெபிக்கவும். மாலையானால் காய்ச்சல், ஜெபிக்கவும். சாப்பிட மனமில்லை, மெலிந்துபோகிறேன், ஜெபிக்கவும்.

அதற்குள் ஒரே பெயர் மூன்று முறை வந்திருந்தது. செல்வராணி சிஸ்டர், மகள் கெசியாவுக்காக. முதலில், பிள்ளை சாப்பிடுவதில்லை. பிறகு, சாயங்காலம் காய்ச்சல். கடைசியாக, பிள்ளைகளுக்கு நிறை பார்க்கும் தோட்டத்து கிளினிக்கில் நிறுத்துப் பார்த்தார்கள், மூன்று மாதமாக நிறை ஏறவில்லை. மூன்றுக்கும் கீழே கை கூப்பிய படம் போட்டிருந்தேன்.

கெசியாவுக்கு நாலு வயது. நான் பாடும்போது என் காலடியில் வந்து உட்கார்ந்து மைக் வயரைப் பிடித்துக்கொள்வாள். நான் குனிந்து அவள் முகத்துக்கு நேராகப் பாடினால் சிரிப்பாள்.

அந்த மூன்று வரிகளையும் திரும்ப வாசித்தேன்.

அந்தக் குறிப்புகளில் நோய் மட்டுமா இருக்கிறது? யார் புருஷன் அடிக்கிறான், யாருக்குக் குழந்தை நிற்கவில்லை, யார் மகள் யாரோடு பேசுகிறாள், எல்லாமே இருக்கிறது. வெளியே விடமாட்டேன் என்று வாக்குக் கொடுத்துத்தான் அந்த வேலையை எடுத்தேன். பாஸ்டருக்கு அழைத்தேன்.

"பாஸ்டர், இருமல், காய்ச்சல்னு எழுதுனவங்க பேரு மட்டும் பி.எச்.ஐ.க்குக் குடுக்கணும்."

"அது கர்த்தருக்கும் எழுதுனவங்களுக்கும் நடுவுல உள்ளது, தங்கச்சி. அதுல நாம கை வைக்க முடியாது."

"கெசியா பாப்பா பேரு மூணு தடவ இருக்குங்க."

அவர் குரல் மாறியது. மேடைக் குரல் இல்லை. "ஒனக்குத் தெரியாதா பிள்ள? எப்படா பூட்டலாம்னு காத்துக்கிட்டு இருக்காங்க. எங்களால நோய் வந்துச்சுன்னு ஒரு கடுதாசி போதும். அப்புறம் இந்தச் சனம் எங்க போகும்? அந்த நாலு பேரும் திரும்பக் குடிக்கப் போயிருவானுங்க."

அவர் பயம் பொய்யில்லை. இன்றைக்கும் அதை நான் பொய் என்று சொல்ல மாட்டேன்.

"ஜெபிச்சிட்டுச் சொல்றேன்" என்றார்.

நான் காத்திருக்கவில்லை. இருமல், காய்ச்சல், மெலிவு என்ற வரிகளை மட்டும் பிரித்தேன். ஐந்து பெயர்கள். அனுப்பும் முன் செல்வராணி அக்காவை அழைத்தேன். அவரும் கொழுந்து பறிக்கிறவர். அம்மா பறிக்கிற அதே மலையில்தான் வேலை. பாப்பாவை உடனே மார்பு நோய் கிளினிக்குக்குக் கொண்டு வரச் சொன்னேன். ஏன் என்று கேட்டார். எனக்குத் திரும்ப வந்துவிட்டது என்றேன்.

"திரும்பன்னா?"

"போகவே இல்லக்கா. நான்தான் மாத்திரைய நிறுத்திட்டேன்."

எதிர்முனையில் கெசியா ஏதோ கேட்டு அழுவது கேட்டது.

"நீதானே சுகமாயிட்டேன்னு சொன்ன?" என்றார் அக்கா. குரல் உயரவில்லை. "அந்த வீடியோவ நான் எத்தன தடவ பாத்திருப்பேன் தெரியுமா? ஒன்னய பாத்துத்தானேடி பிள்ளைய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகாம வச்சிருந்தேன்."

போனை வைத்துவிட்டார். நான் ஐந்து பெயர்களையும் அனுப்பினேன்.

கெசியாவின் முன்கையில் தோல் ஊசி போட்டார்கள் (காசநோய்க் கிருமி உடலுக்குள் போயிருக்கிறதா என்று பார்க்கும் சோதனை, மூன்றாம் நாள் வீக்கத்தை அளப்பார்கள்). அந்த மூன்று நாளும் நான் சோற்றைத் தொடவில்லை. சின்னப் பிள்ளைகளுக்கு இது மூளைக்கும் போகலாம் என்று எங்கேயோ வாசித்திருந்தேன். வாசிக்காமல் இருந்திருக்கலாம். நேரம் போகவே இல்லை. சுவர்க் கடிகாரம் ஓடுகிறதா என்று ஒரு தடவை நர்ஸைக் கேட்டேன்.

வீக்கம் பெரிதாக இருந்தது. எக்ஸ்ரேயில் நுரையீரலை ஒட்டிய நெறிகள் (நிணநீர் முடிச்சுகள்) பருத்திருந்தன. காசநோய்தான். மூளைக்குப் போகவில்லை, நேரத்தோடு வந்துவிட்டார்கள் என்றார் டொக்டர். ஐந்து பேரில் இன்னொருவருக்கும் சளியில் கிருமி இருந்தது. என் முடிவும் அந்த வாரமே வந்தது: எதிர்ப்பு இல்லை. பழைய மருந்தே போதும், ஆனால் முதல் நாளிலிருந்து.

"டொக்டர், அந்தப் பிள்ளைக்கு என்கிட்ட இருந்துதான் வந்துச்சா?"

"அது எனக்குத் தெரியாது. நீங்களும் தேட வேணாம். மாத்திரை போடுங்க."

ஜெபவீட்டைப் பூட்டவில்லை. ஜன்னல்களைத் திறக்கச் சொன்னார்கள், அவ்வளவுதான். சத்தம் வருமே என்று பாஸ்டர் கோயில் கமிட்டித் தலைவரிடம் கேட்கப் போனாராம். அவர் வாசலில் நின்றே, "அட, பாடித் தொலைங்க! தொறந்து வச்சுப் பாடுங்க. மூடி வச்சு எங்க பிள்ளைகளுக்கும் குடுத்துறாதீங்க" என்றாராம். அம்மா இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. வீடியோவை நீக்கிவிட்டேன். ஆனால் அது யார் யார் போனிலோ இருக்கிறது. யாரோ ஒருவர் அதைப் பார்த்து இன்றைக்கு ஒரு மாத்திரையைக் கீழே வைக்கலாம். இதை எழுதுவதே அவருக்காகத்தான்.

நான் இன்னும் ஜெபிக்கிறேன். யாரிடம் என்று கேட்டால் பதில் தெரியும். எதைக் கேட்பது என்பதுதான் இப்போது தெரியவில்லை.

இரண்டு மாதம் முடிந்துவிட்டது. இருமல் இல்லை, பசி எடுக்கிறது, மேட்டில் ஏறினால் மூச்சு வாங்கவில்லை. உங்களுக்கும் இந்த நாள் வரும். நான் பயப்படுவது இந்த நாளுக்குத்தான். என் உடம்பு நன்றாக இருக்கிறேன் என்று சொல்கிறது. போன தடவையும் அப்படித்தான் சொன்னது. இருமியபோது அது உண்மையைப் பேசியது. இப்போது சும்மா இருக்கிறது. அது சும்மா இருக்கும்போது என்ன செய்துகொண்டிருக்கிறது என்று எனக்குத் தெரியாது.

கெசியாவும் தேறிவிட்டாள். கன்னத்தில் சதை வைத்திருக்கிறது, லயத்துப் படிகளில் ஓடுகிறாள். போன சனிக்கிழமை குழாயடியில் செல்வராணி அக்கா என்னோடு பேசினார். போன் வைத்த நாளுக்குப் பிறகு முதல் தடவை.

"நாளைக்கு பாப்பாவுக்காகச் சாட்சி சொல்லப் போறேன்."

என் குடம் நிரம்பி வழிந்தது. நான் அதை எடுக்கவில்லை.

"சொல்லுங்கக்கா. மருந்த மட்டும் நிறுத்திடாதீங்க. இன்னும் நாலு மாசம் இருக்கு."

"நீயும் அன்னைக்கு அப்பிடி நெனைச்சுத்தானே மேடையில ஏறுன?" என்றார். கோபமா, கேள்வியா என்று தெரியவில்லை. தன் குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு போய்விட்டார்.

ஞாயிறு நான் போகவில்லை. திறந்த ஜன்னல்கள் வழியே கைதட்டல் எங்கள் வீடு வரை கேட்டது.

திங்கட்கிழமை காலை டிஸ்பென்சரி வாசலில் நின்றேன். என் மாத்திரைகளை ஐயாவின் கண் முன்னே விழுங்கினேன். வாயைத் திறந்தும் காட்டினேன். அப்புறமும் போகாமல் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். கெசியாவின் அட்டை மேசையில் கிடந்தது. பெரட்டு (காலையில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரிப்பது) முடிந்து பெண்கள் கூடையோடு மலைக்கு ஏறத் தொடங்கியிருந்தார்கள். ஐயா இரண்டு தடவை கடிகாரத்தைப் பார்த்தார்.

"வகுப்பு இல்லையா பிள்ள?"

"இருக்குங்க ஐயா. கொஞ்சம் பொறுத்துப் போறேன்."

பனிக்குள்ளிருந்து முதலில் தெரிந்தது கெசியாவின் மஞ்சள் தொப்பி. அக்கா ஒரு தோளில் கூடையும் மறு கையில் பிள்ளையுமாக ஓடி வந்தார். என்னைப் பார்க்கவில்லை. ஐயா மாத்திரையைத் தண்ணீரில் கரைத்துக் கொடுத்தார். கெசியா குடித்துவிட்டு, யாரும் கேட்காமலே வாயை ஆவென்று திறந்து எல்லோருக்கும் காட்டினாள். அட்டையில் ஒரு கோடு விழுந்தது.

எழுந்து பஸ்ஸுக்கு நடந்தேன். நாளைக்கு வருவார்களா என்று தெரியாது. நாளைக்கும் வந்து உட்காருவேன். மேடையில் நித்தியம், எதிர்காலம் என்றெல்லாம் பேசியவள் நான். இப்போது எனக்குக் காலம் என்பது ஒரு காலையிலிருந்து அடுத்த காலை வரைக்கும்தான்.